ஆதாமுக்கே நோட்டீஸ் கொடுத்தார் கடவுள்!

மாநகராட்சியிலிருந்து நோட்டீஸ் வந்தால் நம் வீடுகளில் என்ன நடக்கும்?

'வாங்காதே! வாங்கினாத்தானே வம்பு? வீட்ல யாரும் இல்லேன்னு சொல்லி அனுப்பிடு!' - இது தாத்தா.

'வாங்கிக்கலாம். ஆனா கையெழுத்து மட்டும் போட்டுடாதீங்க!' - இது எதிர் வீட்டு ரிடையர்டு ஹெட்கிளார்க்.

'கவுன்சிலர் நமக்கு வேண்டியவர்தான். ஒரு வார்த்தை சொன்னா போதும்!' - இது மச்சினர்.

ஆளாளுக்கு யோசனை சொல்வார்கள். நோட்டீஸை மட்டும் யாரும் படிக்க மாட்டார்கள்! அது காலண்டருக்குப் பின்னால் சொருகப்பட்டு, அங்கேயே பழுப்பேறும். ஒரு நாள் காலை ஏழு மணிக்கு ஜேசிபி வந்து வாசலில் உறுமும்போது, 'ஐயோ, ஒரு வார்த்தை சொல்லாம இடிக்க வந்துட்டாங்களே!' என்று தெருவே அதிரக் கூப்பாடு.

இது ஒரு ரகம். இன்னொரு ரகமும் உண்டு. நிஜமாகவே ஒரு வார்த்தை சொல்லாமல் இடிக்க வருவது. காரணம் கேட்டால், 'போன மாசமே நோட்டீஸ் கொடுத்தாச்சே!' என்று முன்தேதி போட்ட ஒரு காகிதத்தைக் காட்டுவது.

'அத்துமீறல்' என்றதும் நமக்குப் புறம்போக்கில் குடிசை போட்டவர்தான் ஞாபகத்துக்கு வருகிறார். ஆனால், முறைப்படி கேட்காமல் அடுத்தவர் சுவரில் கடப்பாரையை வைக்கிற அதிகாரியும் சட்டத்தின் கண்ணில் அத்துமீறியவர்தான். சொல்வது நானல்ல. 160 வருஷத்துக்கு முன்னால் லண்டன் கோர்ட் சொன்னது!

கூப்பர் கட்டிய வீடு

லண்டனில் வாண்ட்ஸ்வொர்த் என்று ஒரு பகுதி. அங்கே கூப்பர் என்பவர் ஒரு வீடு கட்டிக்கொண்டிருந்தார். 1855-ம் வருஷத்துச் சட்டப்படி, அஸ்திவாரம் தோண்டுவதற்கு ஏழு நாள் முன்னதாக உள்ளூர் போர்டுக்குத் தகவல் தரவேண்டும். தராவிட்டால் கட்டடத்தை இடிக்க போர்டுக்கு அதிகாரம் உண்டு.

'நான் தகவல் அனுப்பினேன்' என்றார் கூப்பர். 'எங்களுக்கு வரவில்லை' என்றது போர்டு. (நம்ம ஊர் மாதிரியே இருக்கிறதா?) இரண்டாம் மாடி வரை கட்டடம் எழும்பிவிட்ட நிலையில், ஒரு நாள் சாயங்காலம் இருட்டுகிற நேரமாகப் பார்த்து போர்டு ஆட்களை அனுப்பியது. வீடு தரைமட்டம்!

கூப்பர் கோர்ட்டுக்குப் போனார். அவர் போட்ட வழக்கின் பெயரைக் கவனியுங்கள் - அத்துமீறல் வழக்கு! 'என் இடத்துக்குள் புகுந்து என் கட்டடத்தை இடித்தார்கள்' என்று அரசாங்க போர்டு மீதே வழக்கு.

'சட்டத்தில் இடிக்கலாம் என்று இருக்கிறது, இடித்தோம். விசாரிக்க வேண்டும் என்று எங்கே இருக்கிறது?' என்று வாதாடியது போர்டு. நியாயமான கேள்விதான். சட்டத்தில் அப்படி ஒரு வரி கிடையாது.

ஆனால் 1863-ல் தீர்ப்பு கூப்பர் பக்கம் வந்தது. சட்டத்தில் எழுதாவிட்டால் என்ன? ஒருவரின் சொத்தைப் பறிக்கும் முன் அவர் பக்கத்தைக் கேட்பது என்பது எழுதாமலே எல்லாச் சட்டத்துக்குள்ளும் இருக்கிற விதி என்றார்கள் நீதிபதிகள். அவர் அனுப்பிய தகவல் வழியில் தொலைந்திருக்கலாம். வேறு நியாயமான காரணம் இருந்திருக்கலாம். கேட்டிருந்தால் போர்டுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. கேட்காததால் ஒரு வீடே போய்விட்டது!

பைல்ஸ் என்ற நீதிபதி இன்னும் ஒரு படி மேலே போனார். 1723-ல், பெண்ட்லி என்ற பேராசிரியரின் பட்டங்களைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் விசாரிக்காமல் பறித்த வழக்கில் சொல்லப்பட்ட உதாரணத்தை எடுத்துப் போட்டார். ஏதேன் தோட்டத்தில் விலக்கப்பட்ட கனியைத் தின்றது யாரென்று கடவுளுக்குத் தெரியாதா? தெரியும். ஆனாலும் ஆதாமைக் கூப்பிட்டு, எங்கே இருக்கிறாய் என்று கேட்டார். அந்தக் கனியைத் தின்றாயா என்று கேட்டார். ஏவாளையும் கேட்டார். அதற்குப் பிறகுதான் தோட்டத்தை விட்டு வெளியேற்றினார்!

எல்லாம் தெரிந்தவரே விசாரித்துவிட்டுத்தான் வெளியேற்றினார் என்றால், ஏரியா இன்ஜினீயர் விசாரிப்பதில் என்ன கௌரவக் குறைச்சல்?

காலை வைத்தாலே கிரிமினலா?

கொஞ்சம் நம் சட்டத்தையும் பார்த்துவிடுவோம். 'என் இடத்துக்குள்ள காலை வெச்சான், பிடிச்சு உள்ளே போடுங்க சார்!' என்று ஸ்டேஷனுக்கு ஓடுகிறவர்கள் நிறைய. ஏட்டய்யா நிதானமாகத் தலையைச் சொறிந்து, 'இது சிவில் மேட்டருங்க, கோர்ட்டுல பார்த்துக்கங்க' என்பார். நமக்கு ஆத்திரமாக வரும். ஆனால் பல சமயம் அவர் சொல்வதில் விஷயம் இருக்கிறது.

குற்றமாகக் கருதப்படும் அத்துமீறலுக்கு, நுழைந்தால் மட்டும் போதாது. குற்றம் செய்யவோ, மிரட்டவோ, அவமதிக்கவோ, தொல்லை கொடுக்கவோ வேண்டும் என்ற எண்ணம் இருக்க வேண்டும். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 441-வது பிரிவு இதைச் சொன்னது. 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் 329-வது பிரிவு அதையே சொல்கிறது. சிறைத் தண்டனை பழையபடி மூன்று மாதம் வரைதான். அபராதம் மட்டும் 500 ரூபாயிலிருந்து 5,000 ரூபாயாக ஏறியிருக்கிறது. (மனை விலை ஏறிய வேகத்தோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லை!)

எண்ணத்தை நிரூபிக்க முடியாவிட்டால், சிவில் கோர்ட்தான். அங்கே ஒரு சுவாரஸ்யமான சட்டம் இருக்கிறது. 1963-ம் வருஷத்துக் குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம். பெயரைப் பார்த்துப் பயப்படாதீர்கள். அதன் 6-வது பிரிவு சொல்வது சுலபம்: ஒரு இடத்தில் இருப்பவரை, அவர் சம்மதமும் இல்லாமல், சட்டப்படியும் இல்லாமல் வெளியே தள்ளினால், ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டு அவர் இடத்தைத் திரும்பப் பெறலாம். 'இடம் யாருடையது?' என்ற கேள்வியே அந்த வழக்கில் கிடையாது! வாடகை பாக்கிக்காகச் சட்டி பானையை வீதியில் எறிகிற வீட்டு ஓனருக்கு எதிராகவும் இது செல்லும். அரசாங்கத்தின் மேல் மட்டும் இந்தப் பிரிவில் வழக்குப் போட முடியாது.

அப்படியானால் அரசாங்கமே வெளியே தள்ளினால்?

சேலத்துக்கு ஒரு பஸ் டிக்கெட்

1981 ஜூலை. பம்பாயில் அடைமழைக்காலம். மகாராஷ்டிர முதல்வராக இருந்த ஏ.ஆர். அந்துலே, நடைபாதைவாசிகளையெல்லாம் வெளியேற்றி, அவரவர் சொந்த ஊருக்கே அனுப்பப்போவதாக அறிவித்தார்.

அப்படி வெளியேற்றப்பட்டவர்களில் ஒருவர் நம் சேலத்துக்காரர். நிலமில்லாத விவசாயக் கூலி. வறட்சியில் வேலை போய், 1961-ல் பிழைப்புத் தேடி பம்பாய் போனவர். ஒரு கெமிக்கல் கம்பெனியில் தினக்கூலி 23 ரூபாய். நடைபாதையில் பிளாஸ்டிக் ஷீட்டும் கித்தானும் போட்ட ஒரு மறைப்புக்காக, அங்கிருந்த தாதா அவரிடம் கறந்தது 2,500 ரூபாய்! மனைவி, மூன்று பெண்களோடு அங்கேதான் குடித்தனம்.

ஜூலை 23-ம் தேதி மாநகராட்சி ஆட்கள் வந்தார்கள். குடிசையைப் பிரித்தார்கள். குடும்பத்தையே சேலம் போகிற பஸ்ஸில் ஏற்றிவிட்டார்கள். மனைவியும் பெண்களும் சேலத்திலேயே தங்கிவிட, அவர் மட்டும் வேலை தேடி மறுபடி பம்பாய் திரும்பினார். மறுபடி நடைபாதை! இதெல்லாம் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பிலேயே பதிவாகியிருக்கிறது.

பத்திரிகையாளர் ஓல்கா டெல்லிஸ் உள்ளிட்டவர்கள் வழக்குப் போட்டார்கள். கூடவே விலே பார்லேயில் நெடுஞ்சாலை ஓரம் இருந்த ஒரு குடிசைப் பகுதிக்காரர்களும் வந்தார்கள். நெடுஞ்சாலை ஓரமாகத் தண்ணீர்க் குழாய் பதிக்க வந்து, அங்கேயே தங்கிவிட்ட தொழிலாளிகள் உருவாக்கிய பகுதி அது. பெயர் என்ன தெரியுமா? காமராஜ் நகர்!

பம்பாய் மாநகராட்சியின் வாதம், வாண்ட்ஸ்வொர்த் போர்டின் வாதத்துக்கு அண்ணன். 'எங்கள் 1888-ம் வருஷத்துச் சட்டத்தின் 314-வது பிரிவே, நோட்டீஸ் இல்லாமல் அகற்றலாம் என்கிறது. அதுவும் இவர்கள் அத்துமீறி நுழைந்தவர்கள். இவர்களிடம் என்ன விசாரணை?'

1985 ஜூலை 10-ம் தேதி, தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையிலான ஐந்து நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள். நடைபாதையில் குடியிருக்கிறவருக்குக் குற்றம் செய்கிற எண்ணமோ, யாரையும் மிரட்டுகிற எண்ணமோ இல்லை. வேறு வழி இல்லாமல் வந்து தங்கியவர். எனவே கிரிமினல் அல்ல. பிழைப்பு என்பது உயிர் வாழும் உரிமையின் ஒரு பகுதி. 'நோட்டீஸ் இல்லாமல் அகற்றலாம்' என்ற பிரிவுக்கு, 'நோட்டீஸ் கொடுக்கவே கூடாது' என்று அர்த்தமல்ல. அவசரமான, அபூர்வமான சந்தர்ப்பத்துக்கு மட்டுமே அது. மற்றபடி கேட்டுவிட்டுத்தான் செய்ய வேண்டும். அத்துமீறியவரே ஆனாலும், 'போ' என்று சொல்லி, போவதற்கு அவகாசமும் தரவேண்டும்.

ஆகா, சேலத்துக்காரர் ஜெயித்துவிட்டார் என்று நினைக்கிறீர்களா? அங்கேதான் திருப்பம். நடைபாதை நடப்பதற்குத்தான், அங்கே வீடு கட்ட யாருக்கும் உரிமை இல்லை என்றும் அதே தீர்ப்பு சொல்லிவிட்டது! 'உங்கள் வாதத்தை நாங்களே கேட்டுவிட்டோம், இனி மாநகராட்சி தனியாகக் கேட்க வேண்டியதில்லை' என்று, மழைக்காலம் முடியட்டும் என அக்டோபர் 31 வரை மட்டும் அவகாசம் கொடுத்தார்கள். 1976 கணக்கெடுப்பில் அடையாள அட்டை பெற்றவர்களுக்கு மாற்று இடம் உண்டு.

வழக்குப் போட்டவர்களின் இடம் நிலைக்கவில்லை. அவர்களால் நாட்டுக்கு ஒரு உரிமை நிலைத்தது.

இதே மாதிரி, சென்னைக் குடிசைவாசிகளுக்காகவும் அந்த நாளில் சுப்ரீம் கோர்ட்டில் ஒரு வழக்கு நடந்தது. போட்டவர் கே. சந்துரு என்ற வக்கீல். பின்னால் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாகி, 'ஜெய் பீம்' படம் வந்த பிறகு ஊரெல்லாம் பேசப்பட்டாரே, அவரேதான்!

பதினைந்து நாள் கணக்கு

இதற்குப் பிறகும் புல்டோசர்கள் அடங்கினவா? இல்லை. வட மாநிலங்கள் சிலவற்றில், ஒருவர் மேல் கேஸ் போட்ட மறுநாளே அவர் வீட்டை இடிப்பது வாடிக்கையாகி, விவகாரம் சுப்ரீம் கோர்ட் வரை போனது. 2024 நவம்பர் 13-ல் நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விஸ்வநாதன் பெஞ்ச் நாடு முழுமைக்கும் விதி வகுத்தது.

குறைந்தது 15 நாள் நோட்டீஸ். பதிவுத் தபாலிலும் போக வேண்டும், கட்டடத்திலும் ஒட்ட வேண்டும். கலெக்டர் ஆபீசுக்கு உடனே ஈ-மெயில் போக வேண்டும். (முன்தேதி மன்னர்களுக்கு வைத்த வேட்டு இது!) நேரில் விசாரிக்க வேண்டும். இடிப்பதைத் தவிர வேறு வழியே இல்லையா என்பதற்கு உத்தரவில் காரணம் எழுத வேண்டும். உத்தரவுக்குப் பிறகும் 15 நாள் பொறுக்க வேண்டும். இடிப்பதை வீடியோ எடுக்க வேண்டும். விதியை மீறி இடித்தால், அதிகாரி தன் சொந்தப் பணத்தில் திருப்பிக் கட்டித் தரவேண்டும்!

கைதட்டுமுன் ஒரு நிமிஷம். சாலை, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு, நீர்நிலை போன்ற பொது இடங்களில் உள்ள ஆக்கிரமிப்புக்கு இந்த 2024 விதிகள் கிடையாது. கோர்ட்டே இடிக்கச் சொன்ன கட்டடங்களுக்கும் கிடையாது. அதாவது, யாருடைய வழக்கால் இந்தப் பேச்சே ஆரம்பித்ததோ, அந்த நடைபாதைக்காரர் இந்தக் குடைக்கு வெளியே! அவருக்கு 1985 தீர்ப்பும், அந்தந்த மாநிலத்துச் சட்டமும்தான் துணை.

விதிவிலக்குக்கும் காரணம் இல்லாமல் இல்லை. பஞ்சாபில் பாட்டியாலா மாவட்டத்துக் கிராமம் ஒன்றில் ஊர்க் குளத்தைத் தூர்த்து வீடு கட்டிக்கொண்டார்கள். 2011-ல் சுப்ரீம் கோர்ட், எத்தனை வருஷம் இருந்தாலும், எவ்வளவு செலவழித்துக் கட்டியிருந்தாலும், ஊர்ப் பொதுச் சொத்து உங்களுடையது ஆகாது என்று சொல்லிவிட்டது. குளத்தை மூடினால், அடுத்த மழையில் தண்ணீர் நோட்டீஸ் கொடுக்காமலே வீட்டுக்குள் வரும் என்பதைச் சென்னைவாசிகளுக்கு 2015-ல் யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

டீக்கடைச் சட்டம்

நம் தமிழ்நாட்டில் புறம்போக்குக்கு 1905-ம் வருஷத்து நில ஆக்கிரமிப்புச் சட்டம் இருக்கிறது. அதில் ஒரு வேடிக்கை. 6-வது பிரிவுப்படி வெளியேற்றுவதற்கு முன்னால், 7-வது பிரிவுப்படி 'ஏன் வெளியேற்றக் கூடாது?' என்று கேட்டு நோட்டீஸ் தரவேண்டும். ஏழுக்கு அப்புறம்தான் ஆறு! கணக்கு வாத்தியார் அடிப்பார். ஆனால் சட்டம் அப்படித்தான்.

இதில் நம் ஜனங்களிடம் சில நம்பிக்கைகள்.

'பி-மெமோ கட்டின ரசீது இருபது வருஷத்துக்கு இருக்கு சார், இடம் நம்மளுதுதான்!' - பி-மெமோ என்பது ஆக்கிரமிப்புக்கான அபராதம். அதைக் கட்டக் கட்ட, 'இது அரசாங்க இடம்' என்று நீங்களே ஒப்புக்கொள்கிறீர்கள்!

'பன்னிரண்டு வருஷம் இருந்துட்டா அசைக்க முடியாது!' - அது தனியார் இடத்துக்கு. அங்கேயும் உரிமையாளரை எதிர்த்து, வெளிப்படையாக, விட்டுவிடாமல் அனுபவித்ததை நிரூபிக்க வேண்டும். வாடகைக்கு இருந்ததெல்லாம் கணக்கில் வராது. அரசாங்க இடம் என்றால் முப்பது வருஷம்.

'வீட்டு வரி கட்டறோம், ஈ.பி. கார்டு இருக்கு!' - குடியிருந்தீர்கள் என்பதற்குச் சாட்சி. இடம் உங்களுடையது என்பதற்கு அல்ல.

யாருக்கோ வந்த நோட்டீஸ்

'நாங்க புறம்போக்கில இல்லைங்க, பேங்க் லோன் போட்டு ஃபிளாட் வாங்கியிருக்கோம்' என்பவர்கள் கொச்சியை அடுத்த மரடு கதையைக் கேளுங்கள். காயலோரம் கட்டிய அடுக்குமாடிகள். கடலோர ஒழுங்குமுறை விதிகளை மீறியதாக 2007-லேயே பில்டர்களுக்கு உள்ளூர் பஞ்சாயத்து நோட்டீஸ் அனுப்பியது. பில்டர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். வேலை தொடர்ந்தது. ஃபிளாட்டுகள் விற்றன. குடும்பங்கள் பால் காய்ச்சிக் குடிபுகுந்தன.

2019-ல் சுப்ரீம் கோர்ட் இடிக்கச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் நான்கு குடியிருப்புகள் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டன. டி.வி.யில் நாமெல்லாம் வாய் பிளந்து பார்த்தோம். வாங்கியவர்களுக்கு இடைக்கால நிவாரணமாக ஆளுக்கு 25 லட்சம் வரை தர உத்தரவானது. ஆனால் 2007-ல் பில்டர் மேஜைக்கு வந்த அந்தக் காகிதத்தை யாராவது ஒருவர் கண்ணில் காட்டியிருந்தால்? வாங்கும் முன் உள்ளூர் நிர்வாகத்தில் விசாரிக்கும் கேள்விகளில், 'இந்த இடத்துக்கு ஏதாவது நோட்டீஸ் போயிருக்கா?' என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

நோட்டீஸ் வந்தால்...

1. வாங்குங்கள். மறுத்தால் சுவரில் ஒட்டுவார்கள். ஒட்டிவிட்டால் கொடுத்ததாகவே கணக்கு.

2. படியுங்கள்! என்ன தேதி, எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, எத்தனை நாள் அவகாசம் என்று பாருங்கள். உங்கள் கைக்கு வந்த தேதியை மேலே குறித்துக்கொள்ளுங்கள்.

3. எழுத்தில் பதில் கொடுங்கள். வாய்ச் சொல் ஃபைலில் ஏறாது. 'நேரில் விசாரிக்க வேண்டும்' என்று அதிலேயே கேளுங்கள். பதில் கிடைத்ததற்கு அத்தாட்சி வாங்குங்கள்.

4. பத்திரம், பட்டா, அனுமதி வாங்கிய பிளான் எல்லாவற்றுக்கும் நகல் வையுங்கள். கட்டடத்தை எல்லாப் பக்கமும் போட்டோ எடுங்கள்.

5. அப்பீலுக்குக் கெடு உண்டு. 'ஸ்டே' வாங்குவதாக இருந்தால் ஜேசிபி கிளம்பும் முன் வாங்குங்கள். இடித்த சுவருக்கு ஸ்டே கிடையாது!

6. வக்கீலுக்குக் கொடுக்க வசதி இல்லையா? மாவட்டக் கோர்ட் வளாகத்திலும் தாலுகாவிலும் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. 1987-ம் வருஷத்துச் சட்டப்படி பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், வருமானம் குறைந்தவர்கள் போன்றோருக்கு வக்கீல் இலவசம்.

'இதெல்லாம் செய்தா வீடு தப்பிக்குமா?' என்று கேட்டால், கட்டாயம் தப்பிக்கும் என்று சொல்ல மாட்டேன். ஆதாமும் தப்பிக்கவில்லையே! ஆனால் பதில் சொல்ல ஒரு வாய்ப்பு கிடைக்கும். பிழை அதிகாரி கணக்கில் என்றால் திருத்த வழி பிறக்கும். பிழை நம் பக்கம் என்றால், பிள்ளைகளின் பள்ளிக்கூடப் பையையும், கேஸ் அடுப்பையும், சாமி படங்களையும் எடுத்துக்கொண்டு பகல் வெளிச்சத்தில் வேறு இடம் தேடிப் போக நேரம் கிடைக்கும்.

சேலத்துக்காரருக்கு அந்த நேரம் தரப்படவில்லை. அவருக்குக் கிடைத்தது ஒரு பஸ் பயணம் மட்டும்தான். உங்களுக்குப் பதினைந்து நாள் கிடைத்திருக்கிறது என்றால், அதைக் காலண்டருக்குப் பின்னால் சொருகி வைக்காதீர்கள்!